12 வாரத்துல பென்ஷன் கொடுக்கச் சொன்ன தீர்ப்பு, வருஷம் ஆகப் போகுது: கண்டெம்ப்ட் (நீதிமன்ற அவமதிப்பு வழக்கு) போடலாமா, காத்திருக்கலாமா?

தமிழ்ச்செல்வி:

எல்லாருக்கும் வணக்கம். அப்பா பென்ஷன் விஷயமா ஒரு யோசனை கேக்கணும். கொஞ்சம் நீளம், பொறுத்துக்குங்க.

அப்பா 1984ல ஒரு அரசுத் துறையில மஸ்டர் ரோல் (தினக்கூலி ஆட்களோட வருகைப் பதிவேடு) தினக்கூலியா வேலைக்குச் சேர்ந்தார். 2001ல நிரந்தரம் பண்ணாங்க. 2010ல ரிட்டையர் ஆயிட்டார். நிரந்தரமா இருந்தது 9 வருஷம்தான். பென்ஷனுக்குக் குறைஞ்சது 10 வருஷம் தகுதியுள்ள பணிக்காலம் வேணும்னு சொல்லிக் கையை விரிச்சுட்டாங்க. தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள்ல 11வது விதிப்படி, 2003 ஏப்ரல் 1க்கு முன்னாடி நிரந்தரம் ஆனவங்களுக்கு தினக்கூலிக் காலத்துல பாதியைச் சேர்த்துக் கணக்குப் பார்க்கணும்ங்கறது எங்களுக்கு ரொம்ப நாள் தெரியாது. கூட வேலை பார்த்தவர் ஒருத்தர் வாங்கின பிறகுதான் தெரிஞ்சுது. 17 வருஷத்துல பாதி எட்டரை. அதோட 9 சேர்த்தா பதினேழரை.

மனு கொடுத்தோம், நிராகரிச்சாங்க. ஹைகோர்ட் மதுரைக் கிளையில ரிட் (அரசு நடவடிக்கையை எதிர்த்து ஹைகோர்ட்ல போடற மனு) போட்டோம். போன வருஷம் பிப்ரவரியில தீர்ப்பு வந்துச்சு. நிராகரிப்பு உத்தரவு ரத்து. தினக்கூலிக் காலத்துல பாதியைச் சேர்த்து ஓய்வூதியம் நிர்ணயிச்சு வழங்கணும். மனு போட்ட தேதிக்கு முந்தின மூணு வருஷத்துக்கு நிலுவையும் சேர்த்துக் கொடுக்கணும். உத்தரவு நகல் கிடைச்ச 12 வாரத்துக்குள்ள முடிக்கணும். நகலை மார்ச்லயே பதிவுத் தபால்ல அனுப்பிட்டோம், ஒப்புகை அட்டையும் திரும்பி வந்துச்சு. ஜூன்ல 12 வாரம் முடிஞ்சுது. அதுக்கு அப்புறம் வந்தது ஒரே ஒரு கடிதம்: "அரசுக்குக் கருத்துரு அனுப்பப்பட்டுள்ளது, ஆணை பெறப்பட்டவுடன் தெரிவிக்கப்படும்."

நேர்ல போய்க் கேட்டா, அப்பீல் போயிருக்கோம், பொறுங்கன்னு வாய்மொழியா சொல்றாங்க. அப்போ இருந்த அதிகாரி மாறுதல்ல போயிட்டார். புதுசா வந்தவர் நல்லாத்தான் பேசறார், "எனக்கு இப்பதான்மா ஃபைல் வந்திருக்கு"ங்கறார்.

எங்க வக்கீல் கண்டெம்ப்ட் போட்டுடலாம்ங்கறார். அப்பாவுக்கு இஷ்டமே இல்ல. "சோறு போட்ட டிபார்ட்மென்ட். கேஸ் போட்டதே பெருசு, ஆபீசரைக் கூண்டுல ஏத்தச் சொல்றியா"ன்னு கோவிச்சுக்கறார். அவருக்கு 73 வயசு. எனக்கு என்ன பண்றதுன்னே தெரியல. அப்பீல் இருக்கும்போது கண்டெம்ப்ட் போட முடியுமா? மாறிப் போனவர் மேலயா, வந்தவர் மேலயா? போட்டா உள்ளதும் கெட்டுப் போகுமா?

அருவாக்கார்த்தி:

மேடம் யோசிக்கவே யோசிக்காதீங்க. கண்டெம்ப்ட் போட்டு ஒரு ஆளை உள்ள தள்ளினாத்தான் மத்தவனுக்குப் புத்தி வரும். ஏழைன்னா 12 வாரம் 12 வருஷம் ஆகும். ஆறு மாசம் ஜெயில்னு சட்டத்துலயே இருக்கு.

முருகேசன் நெல்லை:

கார்த்தி தம்பி, அவ்வளவு சுலபம்னா நான் இன்னிக்கு இந்த மாதிரி குழுவுல உக்காந்திருக்க மாட்டேன்.

சகோதரி, என் கதையைக் கேளுங்க. அண்ணன் பணியில இருக்கும்போதே இறந்துட்டார், அண்ணி கருணை அடிப்படை வேலைக்கு மனு போட்டாங்க. பதிலே வரல. ரிட் போட்டோம். "மனுவைப் பரிசீலித்து 8 வாரத்துக்குள் தகுதியின் அடிப்படையில் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்"னு தீர்ப்பு. வீட்ல இனிப்பெல்லாம் கொடுத்தோம். 8 வாரம் போச்சு, கண்டெம்ப்ட் போட்டோம். அடுத்த வாய்தாவுக்கு அரசு வக்கீல் ஒரு தாளை நீட்டினார். மனு பரிசீலிக்கப்பட்டது, காலதாமதமா வந்ததால நிராகரிக்கப்பட்டதுன்னு. நீதிபதி படிச்சுட்டு, உத்தரவு நிறைவேத்தியாச்சு, வேணும்னா புது ரிட் போட்டுக்குங்கன்னு முடிச்சுட்டார். அஞ்சு நிமிஷம் கூட ஆகல. அதனால உங்க தீர்ப்போட கடைசிப் பத்தியை வக்கீல் வாயால கேக்காம நீங்களே ஒரு தடவை படிங்க.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்:

அம்மா தமிழ்ச்செல்வி, நான் ஒரு மாவட்ட அலுவலகத்தில் வழக்குப் பிரிவைப் பார்த்துவிட்டு ஓய்வு பெற்றவன். எந்தத் துறை என்று கேட்காதீர்கள். உங்களைப் போன்றவர்கள் அனுப்பும் நகல் எங்கள் மேசைக்கு வந்த பிறகு அதற்கு என்ன ஆகிறது என்பதைத்தான் சொல்ல வந்தேன். சட்டத்தை வக்கீல்கள் சொல்லட்டும்.

முதலில் முருகேசன் சொன்னதை எடுத்துக்கொள்கிறேன். அவர் அண்ணிக்கு வந்தது "பரிசீலித்து உத்தரவிடு" என்ற வகை. நூறு ரிட்டில் கணிசமானவை இப்படித்தான் முடியும், ஏனென்றால் அட்மிஷன் கட்டத்திலேயே (மனுவை விசாரணைக்கு ஏற்கலாமா என்று பார்க்கும்போதே) முடித்துவிடலாம், யாருக்கும் சிரமமில்லை. அந்த வகை உத்தரவுக்கு நிராகரித்துக் கடிதம் கொடுத்தாலும் கீழ்ப்படிந்ததாகவே ஆகும். நிராகரித்தது சரியா தப்பா என்று அவமதிப்பு வழக்கில் பார்க்க மாட்டார்கள். அது புது வழக்குக்கான காரணம் என்று உச்ச நீதிமன்றம் 1996லேயே பரிஹார் வழக்கில் சொல்லிவிட்டது. உங்களுடையது அப்படி இல்லை. "பாதியைச் சேர்த்து வழங்க வேண்டும்" என்று இருக்கிறது, எவ்வளவு காலத்துக்கு நிலுவை என்றும் இருக்கிறது. இதற்கு நிராகரிப்புக் கடிதம் கொடுத்தால் அந்தக் கடிதமே அவமதிப்பு. இப்படிப்பட்ட தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு நீங்கள் பயப்படுவது எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது.

இப்போது உள்ளே நடப்பது. உங்கள் பதிவுத் தபால் வருகிறது. தபால் பிரிவில் முத்திரை, தன்பதிவேட்டில் (எழுத்தரின் கடிதப் பதிவேடு) ஒரு நடப்பு எண். எழுத்தர் அதைப் பழைய ரிட் கோப்போடு சேர்த்து ஒரு குறிப்பு எழுதுகிறார்: "மேல்முறையீடு செய்யத் தகுந்ததா என அரசு வழக்கறிஞரின் கருத்துரை பெறலாம்." கோப்பு போகிறது. கருத்துரை வர ஒரு மாதமோ மூன்று மாதமோ. வந்த பிறகு துறைத் தலைமைக்குக் கருத்துரு. தலைமையில் அதே ஐயம், "இதே போன்ற நேர்வுகள் எத்தனை உள்ளன?" என்று மாவட்டங்களுக்கெல்லாம் ஒரு கடிதம். அந்த விவரம் திரண்டு வந்து தலைமைச் செயலகம் போனால், அங்கே நிதித்துறை ஒரு கேள்வி கேட்டுத் திருப்பி அனுப்பும். இதில் யாரும் "கொடுக்கக் கூடாது" என்று எழுதியிருக்க மாட்டார்கள். கோப்பைத் தேடிப் பாருங்கள், எங்கேயும் அப்படி ஒரு வரி கிடைக்காது. "கொடுக்கலாம்" என்று முதலில் எழுதுகிறவர் யார் என்பதுதான் அங்கே பிரச்சினை. நாளைக்குத் தணிக்கையில் கேள்வி வந்தால் அந்தக் கையெழுத்தைத்தானே தேடுவார்கள்?

அவமதிப்பு மனு வந்ததும் இது மாறும். ரிட்டில் எதிர்மனுதாரர் என்பது ஒரு பதவி. அவமதிப்பு மனுவில் பதவியோடு ஆளின் பெயரும் வரும். தந்தை பெயர் கூடச் சிலர் போடுவார்கள். அந்த நோட்டீஸ் வருகிற அன்று அதிகாரி காரை விட்டு இறங்கும்போதே "அந்த பென்ஷன் கோப்பு எங்கே?" என்று கேட்டுக்கொண்டே வருவார். நான் பார்த்திருக்கிறேன். பதினோரு மாதம் நகராத கோப்பு, தனிநபர் கையில் கொடுத்துப் பேருந்தில் சென்னைக்கு அனுப்பப்பட்டதையும் பார்த்திருக்கிறேன். சிவப்பு மையில் "நீதிமன்ற அவமதிப்பு வழக்கு, மிக மிக அவசரம்" என்று மேலட்டையில் எழுதிவிட்டால், நிதித்துறையில் கேள்வி கேட்கிறவர் கூடக் கேள்வியைச் சுருக்கிக்கொள்வார்.

இன்னொன்று, உங்கள் அப்பாவிடம் சொல்லுங்கள். அவமதிப்பு மனு வந்தால் எழுத்தருக்குக் கோபம் வராது, சொல்லப்போனால் நிம்மதிதான். "அவமதிப்பு வழக்கு நிலுவையில் உள்ளதால் உடன் ஆணை வழங்கலாம்" என்று எழுத அவருக்கு ஒரு காரணம் கிடைத்துவிட்டது. அதற்கு முன் அந்த வரியை எழுத அவருக்குத் துணிச்சல் இல்லை. ஓய்வு பெற்று 15 வருடம் ஆனவர் மேல் பழிவாங்க அங்கே யாருக்கும் நேரமும் கிடையாது.

கூண்டு, சிறை என்றெல்லாம் அவர் கற்பனை செய்ய வேண்டாம். கார்த்தி தம்பி சொன்ன ஆறு மாதம் சட்டத்தில் இருப்பது உண்மைதான். 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 12வது பிரிவு: ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மனப்பூர்வமான மன்னிப்பை ஏற்று விடுவிக்கவும் செய்யலாம். 2006ல் மகாராஷ்டிராவில் ஒரு அமைச்சரும் துறையின் முதன்மைச் செயலரும், மர அறுவை ஆலைகளுக்கு உத்தரவை மீறி உரிமம் கொடுத்ததற்காக ஆளுக்கு ஒரு மாதம் உள்ளே போனார்கள். அப்படி நடப்பது அபூர்வம். அந்த 2,000 ரூபாய் 1971ல் வைத்த வரம்பு, இன்று வரை ஏற்றவே இல்லை. நீதிமன்ற உத்தரவை மீறி 4 கோடி டாலரைப் பிள்ளைகள் பெயருக்கு மாற்றிய வழக்கில் 2022ல் விஜய் மல்லையாவுக்கு விதித்த அபராதமும் அதே 2,000தான். அதனால் அபராதத்துக்கு யாரும் பயப்படுவதில்லை. நேரில் வா என்று கூப்பிட்டுவிடுவார்களோ என்றுதான் பயம். அதிலும் 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஒரு நடைமுறை வகுத்துவிட்டது: அரசு அதிகாரிகளைச் சும்மா சும்மா நேரில் அழைக்கக் கூடாது, தேவைப்பட்டால் முதலில் காணொளி. உங்கள் அப்பாவின் பழைய துறை அதிகாரி தன் அறையில் உட்கார்ந்தபடியே திரையில் தலையைக் காட்டிவிட்டுப் போவார். அவ்வளவுதான்.

மாறிப் போனவரா வந்தவரா என்று கேட்டீர்கள். 12 வாரம் ஓடிய காலத்தில் நாற்காலியில் இருந்தவர், இப்போது இருப்பவர், யாரைச் சேர்ப்பது என்பதை வக்கீல் முடிவு செய்யட்டும். ஆனால் இப்போது இருப்பவருக்குத் தீர்ப்பு நகலைப் பெயர் போட்டு இன்னொரு முறை அனுப்பிவிடுங்கள். "எனக்குத் தெரியாது" என்பது இந்த வழக்கில் பெரிய கவசம். வேண்டுமென்றே மீறினார் என்று காட்ட, அவருக்கு உத்தரவு தெரியும் என்பதை முதலில் காட்ட வேண்டும். ஒப்புகை அட்டையின் இரண்டு பக்கத்தையும் நகல் எடுத்து வையுங்கள். அலுவலக முத்திரைத் தேதி பெரும்பாலும் பின்பக்கம்தான் விழும், அதைத்தான் யாரும் நகல் எடுப்பதில்லை.

ஒரு வேடிக்கை. 2018 பிப்ரவரியில் காவிரித் தீர்ப்பில் ஆறு வாரத்துக்குள் செயல்திட்டம் வகுக்கச் சொன்னார்கள். மத்திய அரசு வகுக்கவில்லை. கெடு முடிந்ததும் நம் தமிழ்நாடு அரசு என்ன செய்தது? உச்ச நீதிமன்றத்தில் அவமதிப்பு மனு போட்டது. ஜூன் மாதம் ஆணையம் அரசிதழில் வந்துவிட்டது. அரசே கெடு முடிந்த ஓரிரு நாளில் போட்ட மனுவை, அதே அரசிடம் வேலை பார்த்த உங்கள் அப்பா பத்து மாதம் கழித்துப் போட என்ன தயக்கம்?

வழக்கறிஞர் மீனாட்சி:

ஐயா சொன்னதுல எனக்குப் பெரிய மாற்றுக்கருத்து இல்ல, கோப்பு போற பாதையைப் படிச்சுச் சிரிச்சுட்டேன். மதுரைக் கிளையில ப்ராக்டீஸ் பண்றேன், அந்தப் பக்கத்துலேர்ந்து சில விஷயம்.

மேடம், உங்களுக்கு இப்ப முக்கியமான எதிரி காலம்தான். சட்டத்தோட 20வது பிரிவுப்படி அவமதிப்பு நடந்ததாச் சொல்ற தேதியிலேர்ந்து ஒரு வருஷத்துக்குள்ள மனு தாக்கல் ஆகணும். உங்க 12 வாரம் ஜூன்ல முடிஞ்சுதுன்னா இந்த ஜூன் வரைக்கும்தான். "இன்னிக்கு வரைக்கும் கொடுக்கலயே, தினம் தினம் அவமதிப்புதானே"ன்னு சிலர் சொல்லுவாங்க. அதை நம்பி உக்காராதீங்க. 2024ல தெலங்கானா வழக்கு ஒண்ணுல உச்ச நீதிமன்றம், உத்தரவை நிறைவேத்தாம இருக்கறதெல்லாம் தானா தொடர் தவறு ஆயிடாதுன்னு தெளிவாச் சொல்லிடுச்சு. புது அதிகாரிக்கு மறுபடி நகல் அனுப்பினாலும் பழைய தேதியிலேர்ந்துதான் கணக்கு ஓடும். ஐயா சொன்ன மாதிரி அனுப்புங்க, ஆனா அவர் பதிலுக்காக மே மாசம் முழுக்கக் காத்திருக்காதீங்க.

அப்பீல் பத்தி. அப்பீல் போட்டதாலயே தீர்ப்பு நின்னுடாது. தடை உத்தரவு வாங்கியிருக்கணும். ரிட் அப்பீலுக்கு 30 நாள்தான் கெடு, அவங்க அதைத் தாண்டித்தான் போட்டிருப்பாங்க, தாமதத்தை மன்னிக்கற மனுவும் கூடவே இருக்கும். நிறைய அப்பீல் எஸ்.ஆர். நம்பரோட (தாக்கல் பண்ணும்போது கொடுக்கற தற்காலிக எண்), ரிஜிஸ்ட்ரி குறைபாடு சொல்லித் திருப்பிக் கொடுத்த நிலையிலேயே தூங்கும். ஹைகோர்ட் வலைத்தளத்துல அப்பா பேரைப் போட்டு வழக்கு நிலை பாருங்க. நம்பர் ஆயிருந்தா, அதாவது முறையான வழக்கு எண் கிடைச்சிருந்தா, தெரியும். ஒண்ணு மட்டும் ஞாபகம் வெச்சுக்குங்க: அப்பீலும் தடை மனுவும் நிஜமாவே நம்பர் ஆகி நிலுவையில இருந்தா, முதல்ல தடை மனுவை முடிச்சுட்டு அப்புறம்தான் கண்டெம்ப்ட்டை அழுத்தணும்னு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இருக்கு. நீதிபதி கொஞ்சம் டைம் கொடுப்பார். அதுல தப்பில்ல. உங்க பக்கம் கேவியட் போட்டு வெச்சுடுங்க, உங்களைக் கேக்காம தடை கொடுக்காம இருக்க. அது 90 நாள்தான் நிக்கும், புதுப்பிக்கணும்.

அட்வகேட் ஜெனரல் ஒப்புதல் வாங்கணுமேன்னு யாராவது பயமுறுத்தினா கண்டுக்காதீங்க. அது கிரிமினல் அவமதிப்புக்கு, நீதிமன்றத்தைத் தரக்குறைவாப் பேசறது அந்த வகை. உங்களது சிவில் அவமதிப்பு, அந்த ஒப்புதல் தேவையில்ல. தனி நீதிபதியே விசாரிப்பார், வழக்கமா தீர்ப்பு சொன்ன நீதிபதி முன்னாடியே வரும்.

நடக்கப் போறது இதுதான். ஸ்டேட்யூட்டரி நோட்டீஸ் (கோர்ட் அனுப்பற சட்டப்படியான நோட்டீஸ்) போகும். அரசு வக்கீல் நாலு வாரம் கேப்பார். கொடுத்துடுவாங்க. அப்ப உங்க வக்கீல் ஒண்ணு செய்யணும்: "நாலு வாரத்துல நிறைவேத்திடறோம்"ங்கறதை உறுதிமொழியா உத்தரவுல பதிய வைக்கணும். உறுதிமொழியை மீறறதும் சட்டப்படி அவமதிப்புதான். 1994ல உ.பி. முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கு ஒரு நாள் சிறையும் 2,000 அபராதமும் விழுந்தது, அயோத்தி விஷயத்துல உச்ச நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதியைக் காப்பாத்தாததுக்குத்தான்.

தமிழ்ச்செல்வி:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி. கண்காணிப்பாளர் ஐயா எழுதினதை அப்பாவுக்குச் சத்தமா படிச்சுக் காட்டினேன். "தனிநபர் கையில் கோப்பு"ங்கற இடத்துல சிரிச்சுட்டார். 2004ல அவரே அப்படி ஒரு ஃபைலைத் தூக்கிக்கிட்டு ராத்திரி பஸ்ல சென்னை போயிருக்காராம், என்ன வழக்குன்னு அப்ப அவருக்குத் தெரியாதாம்.

வலைத்தளத்துல பார்த்தேன், அப்பீல் எதுவும் நம்பர் ஆகல. அப்பா பாதி மனசா சரின்னுட்டார். இன்னும் ரெண்டு கேள்வி. இத்தனை நாள் இழுத்தடிச்சதுக்கு வட்டியும் சேர்த்து கண்டெம்ப்ட்ல கேக்கலாமா? அப்புறம், புது அதிகாரி நேத்து போன் பண்ணினார். "ஆணை தயாராயிடுச்சும்மா, வந்து வாங்கிக்கிட்டு, நிறைவேறிடுச்சுன்னு ஒரு கடிதம் எழுதிக் கொடுத்துடுங்க, கோர்ட்டுக்கெல்லாம் போகாதீங்க"ங்கறார். எழுதிக் கொடுக்கலாமா?

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்:

எழுதிக் கொடுக்காதீர்கள். அவர் நல்லவராகவே இருக்கலாம், கடிதம் மட்டும் வேண்டாம்.

காரணம் சொல்கிறேன். அவர் கையில் இருப்பது "செயல்முறைகள்" என்று தலைப்பிட்ட இரண்டு பக்கத் தாள். தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்த்துக்கொள்ள அனுமதித்து ஆணையிடப்படுகிறது என்று இருக்கும். அதைக் கடையில் போய் நீட்டி அரிசி வாங்க முடியாது. அதற்குப் பிறகு பணிப்பதிவேட்டில் பதிவு, ஓய்வூதியக் கருத்துரு, மாநிலக் கணக்காயர் அலுவலகம், அவர்கள் ஓய்வூதியக் கொடுப்பாணை வெளியிடுவது, கருவூலம், அப்புறம் வங்கிக் கணக்கு. இதில் எந்த இடத்திலும் கோப்பு மறுபடி படுத்துக்கொள்ளும். 1984 மஸ்டர் ரோல் நகல் இணைக்கப்படவில்லை என்று கணக்காயர் அலுவலகம் திருப்பி அனுப்பினால் மறுபடி முதலிலிருந்து. நீங்கள் "நிறைவேறிவிட்டது" என்று எழுதிக் கொடுத்திருந்தால் அந்தக் கடிதம்தான் கோப்பின் மேல் பக்கத்தில் இருக்கும்.

ஆணையை வாங்கிக்கொள்ளுங்கள். பெற்றுக்கொண்டேன் என்று மட்டும் தேதியோடு கையெழுத்துப் போடுங்கள். வாங்கியவுடன் மூன்றைப் பாருங்கள்: எந்தத் தேதியிலிருந்து பணிக்காலம் எடுத்திருக்கிறார்கள், மூன்று வருட நிலுவை அதில் இருக்கிறதா, "மேல்முறையீட்டின் இறுதி முடிவுக்குட்பட்டு" என்ற வாசகம் இருக்கிறதா. கடைசி வாசகம் இருந்தால் கவலை வேண்டாம், அது எல்லா ஆணையிலும் போடுவது. நிலுவை விடுபட்டிருந்தால் பாதி உத்தரவுதான் நிறைவேறியிருக்கிறது. எனக்கென்னவோ நிலுவை இருக்காது என்றுதான் படுகிறது. நிதித்துறை முதலில் வெட்டுவது அதைத்தான்.

அப்பா ராத்திரி பஸ்ஸில் கொண்டுபோன கோப்பு யாருடைய பென்ஷனோ! அவருக்கு என் வணக்கம்.

வழக்கறிஞர் மீனாட்சி:

வட்டி கேக்க முடியாது மேடம். தீர்ப்புல வட்டி இல்லன்னா கண்டெம்ப்ட் கோர்ட் அதைச் சேர்க்காது, உத்தரவோட நாலு மூலைக்குள்ளதான் நிக்கணும். அதே விதி அவங்களையும் கட்டும். "மஸ்டர் ரோல் கிடைக்கல, இந்தத் தீர்ப்பே தப்பு"ன்னு இப்ப வந்து அவங்க வாதாட முடியாது. அதெல்லாம் ரிட்லயே முடிஞ்ச கதை. வட்டி வேணும்னா அது தனி மனு, அதை அப்புறம் யோசிக்கலாம்.

ஐயா சொன்ன கடிதம் விஷயம் ரொம்பச் சரி. கூடவே ஒண்ணு: கண்டெம்ப்ட்டை ஆணையைக் காட்டி முடிக்க விடாதீங்க. கொடுப்பாணை வர்ற வரைக்கும் நிலுவையில வைக்கச் சொல்லிக் கேளுங்க. முடியாதுன்னா, பணம் வரலன்னா மறுபடி உயிர்ப்பிக்க அனுமதியோட முடிக்கச் சொல்லுங்க. ஏன்னா தண்டனை கிடைச்சா அந்த அதிகாரிக்கு 19வது பிரிவுல அப்பீல் உரிமை உண்டு. உங்க மனுவை முடிச்சுட்டாங்கன்னா அதே பிரிவுல உங்களுக்கு அப்பீல் கிடையாது. உச்ச நீதிமன்றம்தான் போகணும், அந்தச் செலவு யாருக்கு வேணும்?

கண்டெம்ப்ட்டுக்குத் தனி வக்காலத்தும் அப்பா கையெழுத்துப் போட்ட அபிடவிட்டும் வேணும், ரிட்ல கொடுத்த பழைய வக்காலத்தை நம்பிக்கிட்டு இருக்காதீங்க. நோட்டரி முன்னாடி அவர்தான் வரணும். கோடை விடுமுறை ஆரம்பிக்கறதுக்குள்ள தாக்கல் பண்ணிடுங்க. ஜூன்ல கோர்ட் திறந்ததும் பார்த்துக்கலாம்னு விட்டா கடைசி வாரத்துல ரிஜிஸ்ட்ரி ஒரு குறைபாடு சொன்னாலும் வருஷம் தாண்டிடும்.

தமிழ்ச்செல்வி:

ஆணையை இன்னிக்குப் போய் வாங்கிட்டோம் ஐயா. 1984 இல்ல, 1986லேர்ந்துதான் எடுத்திருக்காங்க. நிலுவை பத்தி ஒரு வரி கூட இல்ல. பெற்றுக்கொண்டேன்னு மட்டும் கையெழுத்துப் போட்டுட்டு வந்தார் அப்பா. வெளிய வந்ததும் அவரே, "நோட்டரி ஆபீஸ் சனிக்கிழமை திறந்திருக்குமா"ன்னு கேட்டார்.

வழக்கறிஞர் மீனாட்சி:

பெரும்பாலும் திறந்திருக்கும், போன் பண்ணிட்டுப் போங்க. ஆதார் அசலும், அந்த ரெண்டு பக்க ஆணையோட நகலும் கையில இருக்கட்டும். 1986ங்கறதை அபிடவிட்ல தனிப் பத்தியா எழுதச் சொல்லுங்க.